அப்ரூவரு வூடு

மண்ணை வாரித் தூற்றுவதற்கு ஆதிலட்சுமி நேரம் பார்த்து வைத்திருந்தாள். காலையில் குழாயில் தண்ணீர் விடும்போது தெருப் பெண்கள் எல்லாரும் அங்கே நிற்பார்கள். குடங்கள் வரிசையில் கிடக்கும், ஊர் வம்பு ஒரு பக்கம் ஓடிக்கொண்டிருக்கும். பாஞ்சாலி தன் குடத்தோடு வந்து கடைசியில் நிற்பாள். அவள் வந்து நின்றதும் ஆதிலட்சுமி தன் வாசலை விட்டு இறங்கி வந்து, குனிந்து, தெரு மண்ணை இரண்டு கையாலும் அள்ளுவாள்.

"என் வூட்ட இருட்டாக்கனவ வூட்ல வெளக்கு எரிமா? எரிமான்னு கேக்கறேன்! எம் புருசன் உள்ள கம்பி எண்ணிக்கினு கீறான், நீ உம் புருசனுக்கு மீன்கொயம்பு ஊத்திக்கினு கீறியா? திரௌபதியம்மா பாத்துக்கினுதான் கீறா. மண்ணா பூடுவே நீ, மண்ணா பூடுவே!"

மண் பறந்து வந்து பாஞ்சாலியின் முந்தானையிலும் குடத்திலும் விழும். அவள் பேசாமல் குடத்தைக் கழுவிவிட்டு மறுபடியும் வரிசையின் கடைசிக்குப் போவாள். ஆதிலட்சுமியை யாரும் கையைப் பிடித்துத் தடுத்ததில்லை. வெண்ணாந்தாங்கல்காரர்களுக்குக் காசில்லாமல் கூத்து பார்க்கக் கசக்குமா என்ன?

ஆதிலட்சுமி நீர்க்கட்டி சுப்பிரமணியின் மனைவி. ஏரித் தண்ணீரை முறை வைத்து மடை மடையாகத் திருப்பிவிடுகிறவனுக்கு அந்தப் பக்கத்தில் நீர்க்கட்டி என்று பெயர். அவன் கொலைக் கேசில் ஜெயிலில் இருந்தான். பாஞ்சாலியின் புருஷன் வரதனும் அதே கேசில்தான் மாட்டினான். ஆனால் அவன் வீட்டில் இருந்தான். அப்ரூவர் ஆகிவிட்டான்.

கொலையில் கூட இருந்தவனே, 'நடந்ததை நடந்தபடி சொல்லிவிடுகிறேன், என்னை விட்டுவிடுங்கள்' என்று மற்றவர்களுக்கு எதிராகச் சாட்சி சொல்ல முன்வந்தால் கோர்ட்டு அவனுக்கு மன்னிப்புக் கொடுக்கும். ஊர் கொடுக்காது. வரதன் ஜாமீனில் இருந்தபோதே அப்ரூவர் ஆனதால் வெளியிலேயே இருந்தான். அன்றிலிருந்து அவன் வீட்டுக்குப் பெயர் மாறிவிட்டது. தபால்காரர்கூட 'அப்ரூவரு வூடு எது' என்று கேட்டுக்கொண்டுதான் வந்தார். ஒன்பதாவது படிக்கிற மகள் சுதாவைப் பள்ளிக்கூடத்தில் 'அப்ரூவரு பொண்ணு' என்றார்கள்.

செத்தவன் மோகன்குமார். ஏரியில் சவுட்டு மண் எடுக்கும் காண்ட்ராக்டில் அவனுக்கும் வெங்கடேசனுக்கும் நெடுநாள் தகராறு. இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு பங்குனி மாதம், மண் எடுத்த பள்ளத்தில் மோகன்குமார் பிணமாகக் கிடந்தான். கேசில் வெங்கடேசன் முதல் எதிரி, சுப்பிரமணி இரண்டாவது. வரதன் வெங்கடேசனிடம் டிராக்டர் ஓட்டிக்கொண்டிருந்தவன். வெங்கடேசனுக்கு ஜாமீனுக்கு நிற்க ஆள் அடித்துப்பிடித்துக்கொண்டு வந்தார்கள். சுப்பிரமணிக்கு நிற்க நிலம் உள்ள ஒருத்தரும் வரவில்லை. வெங்கடேசன் வெள்ளை வேட்டியோடு தெருவில் வந்தால் இன்னும் எல்லாரும் எழுந்து நின்றார்கள். உழவு டிராக்டர் அவனுடையது, உர வண்டி அவனுடையது, நடவுக்கு ஆள் கூட்டி வருகிற வண்டியும் அவனுடையது. எழுந்து நிற்காமல் என்ன செய்வார்கள்? கொலை செய்தவன் அவர்களுக்கு அண்ணன். அதைக் கோர்ட்டில் போய்ச் சொன்னவனுக்குக் கடையில் டீ கிடையாது.

போன வாரம்தான் காஞ்சிபுரத்தில் வரதன் கூண்டில் ஏறிச் சாட்சி சொன்னான். அதற்கு முன்பு ஆதிலட்சுமி முணுமுணுப்பதோடு சரி. மண்ணைக் கையில் எடுத்தது அதற்குப் பிறகுதான்.

பாஞ்சாலிக்கு வாய் இல்லாமல் இல்லை. பேச ஆரம்பித்தால் அவளும் குழாயடியை இரண்டாக்கக்கூடியவள்தான். ஆனால் அவளுக்கு ஒன்று தெரியும். அதை நினைத்தாலே அவள் வாய் தானாகவே மூடிக்கொள்ளும். மோகன்குமார் செத்த அந்த இரவு சுப்பிரமணி ஏரிக்கரையில் இல்லை. அவன் பாஞ்சாலியின் கழனியில் நின்றுகொண்டிருந்தான்.

அது கோடையில் அறுக்கிற நவரைப் பயிர். கதிர் பால் பிடிக்கிற நேரத்தில் கடைமடையில் நிலம் வெடித்துக் கிடந்தது. கடைமடைக்காரர்கள் நீர்க்கட்டியிடம் கும்பிடு போட்டு நின்ற காலம். அதற்குக் கொஞ்சநாள் முன்புதான் தண்ணீருக்காக வரதனும் சுப்பிரமணியும் சட்டையைப் பிடித்துக்கொண்டார்கள். 'அவங்கிட்ட போய் நீ கெஞ்சனேன்னா கால ஒட்ச்சிடுவேன்' என்று வரதன் பாஞ்சாலியிடம் சொல்லியிருந்தான். அவனுக்கென்ன, ரோஷம். பயிர் காய்கிறது. அன்று சாயங்காலம் வரதன் வாலாஜாபாத்துக்கு லோடு போவதாகச் சொல்லிவிட்டுப் போனதும் பாஞ்சாலி நேராகக் கரைக்குப் போனாள்.

அன்றைக்கு மேல்மடையில் வெங்கடேசன் கழனிக்கு முறை. இரவு முறை என்றால் கழனிக்காரன் வீட்டு ஆள் ஒருத்தர் கடைசிவரை வரப்பில் நிற்க வேண்டும். ஆள் நிற்காத கழனிக்குத் தண்ணீர் திருப்பக் கூடாது, அடுத்துக் கேட்கிறவருக்குப் போய்விடும். அது அந்த ஏரியின் பழைய கட்டு. வெங்கடேசன் பக்கத்திலிருந்து எப்போதும் வந்து நிற்பவன் வரதன்தான். அன்று யாரும் வரவில்லை. சுப்பிரமணி ஆயிரம் முணுமுணுப்பு முணுமுணுத்துக்கொண்டு தண்ணீரைக் கடைமடைக்குத் திருப்பினான். விடிகிற வரைக்கும் அவன் ஒரு வாய்க்காலில், அவள் ஒரு வரப்பில். வழியெல்லாம் உடைத்துக்கொண்ட தண்ணீரைக் கட்டிக் கட்டி இருவருக்கும் இடுப்பு போய்விட்டது. அவர்கள் பேசிக்கொண்டது எல்லாம் 'அங்க மண்ணப் போட்டு அட', 'இங்க ஒடையுது பாரு' என்பதுதான்.

அவனைப் பிடித்துக்கொண்டு போனபோது, கோர்ட்டில் எப்படியும் சரியாகிவிடும் என்று நினைத்தாள். ஜாமீனில் வந்த வரதனும் அப்படித்தான் சொன்னான். 'போலீஸ் அடிக்கு பயந்து குட்த்த பேரு. கோர்ட்டுல மாத்திச் சொல்லிடறேன்.' தண்ணீர் வாங்கியதை மட்டும் அவள் அவனிடம் சொல்லவில்லை. சொன்னால் காலை ஒடிப்பான். கோர்ட்டில் அவன் மாற்றிச் சொல்லவில்லை என்பதை ஆதிலட்சுமி தூற்றிய மண்ணில்தான் தெரிந்துகொண்டாள்.

மார்கழி கடைசியில் நாற்று தயாராகிவிட்டது, நடவுக்கு ஆள் வரவில்லை. மானாம்பதிப் பக்கம் போய்க் கேட்டாள். அங்கிருந்து வருகிறவர்களும் வெங்கடேசன் வண்டியில்தான் வரவேண்டும், ஆளுக்கொரு சாக்கு சொன்னார்கள். கடைசியில் புருஷனும் பெண்டாட்டியுமே சேற்றில் இறங்கினார்கள். பனி விலகாத காலையில் தண்ணீர் காலைக் கடித்தது. ஆம்பிளை நடவு நடுவது அந்த ஊரில் இல்லாத வழக்கம். மேல்வரப்பில் போனவர்கள் வேண்டுமென்றே நின்று பார்த்துவிட்டுப் போனார்கள்.

"நடவுக்காரியாட்டம் என்ன குனிய வெச்சிட்டியே," என்றான் வரதன்.

"ஊர்லயே தல குனிஞ்சாச்சி. கயினில குனிஞ்சா இன்னா கொறஞ்சிடும்? ஆயமா வெய்க்காத, நாத்து அயுவிடும்."

 பாஞ்சாலி நிமிராமலே கேட்டாள்.

"கோர்ட்டுல இன்னாய்யா சொன்னே?"

"இருந்தத சொன்னேன்."

"சுப்பிரமணி பேர எடுத்துட்றேன்னு சொன்னியா இல்லியா?"

"எடுத்தா மன்னிப்பு கேன்சலு. முன்ன எய்திக் குட்த்தது ஒரு எய்த்து மாறக்கூடாதுன்னுட்டாரு இன்ஸ்பெக்டரு. மாறினா என்னியும் உள்ள தூக்கி வெச்சிடுவாங்க. ஒனுக்கு இன்னா தெரியும்?"

"மம்பட்டியால மண்டையில அட்ச்சது அவன்னு சொன்னியாமே."

வரதன் கையிலிருந்த நாற்று முடியைப் பிரித்துக்கொண்டே இருந்தான்.

"பொணத்துல ரெண்டு தினுசு காயம் கீதுமே. கத்தி வெட்டு ஒண்ணு, மம்பட்டி அடி ஒண்ணு. வெங்கடேசன் கையில கத்தி. அப்ப மம்பட்டி யாரு கையிலன்னு கேட்டாங்க. ராத்திரில ஏரிக்கரையில மம்பட்டியோட எவண்டா சுத்துவான்னு அவுங்களே கேட்டாங்க. நீர்க்கட்டிதான் சுத்துவான்னேன். அவ்ளோதான். பேரு கூட நான் சொல்லல, அவுங்களே எய்திக்கினாங்க."

"நீ ஆமான்னே."

"ஆமான்னேன். இன்னா பண்ணச் சொல்றே? அன்னிக்கி மேமடைக்கி மொற. நான் போவல. அவன் கரையில தனியாத்தான் குந்திக்கினு இருந்திருப்பான். அங்க இருந்தான், இங்க இருந்தான்னு சொல்றதுக்கு ஒரு காக்கா குஞ்சு கெடையாது. எவனுக்கும் தெரியாத எடத்துல கீறவன் பேரத்தான சொல்ல முடியும்?"

பாஞ்சாலி நிமிர்ந்தாள்.

"எனுக்குத் தெரியும்யா. அன்னிக்கி மேமடைக்கி தண்ணி போவல. ஆளு வரலன்னு மொற மாறிடுச்சி. நாந்தான் போய்க் கேட்டு வாங்கினேன். விடியற வரிக்கும் அவன் இங்க, இந்தக் கயினிலதான் இருந்தான். நீ நிக்கிறியே அந்த மடவாயில மம்பட்டியோட நின்னுக்கினு இருந்தான்."

வரதன் முகத்தில் முதலில் வந்தது பயம். அவனுக்கு ஏரியின் கட்டு தெரியாதா? ஆள் போகாவிட்டால் முறை மாறும் என்பது குழந்தைக்கும் தெரியும். தான் போகவில்லை என்பதைச் சொல்லித்தான் அவன் கதை கட்டினான். தான் போகாததால் தண்ணீர் எங்கே போயிருக்கும் என்று மட்டும் யோசிக்கவில்லை. பயம் போனதும் கோபம் வந்தது. அது அவனுக்கு வசதியான இடம்.

"நட்ட நடு ராத்திரில எவன்கூடடீ கயினில நின்னுக்கினு இருந்தே?"

"தண்ணி கட்டிக்கினு இருந்தேன்."

"தண்ணி கட்டனியோ வேற இன்னாத்த கட்டனியோ, ஊரு நம்புமா? வாயத் தொற பாக்கலாம். மொத கல்லு நாந்தான் போடுவேன்."

"போடு. அத்த அப்பறம் பாக்கலாம். நீ இத்தச் சொல்லு. அவன் இங்க இருந்தான்னா, அங்க நீங்க ரெண்டே பேருதான். கத்தி வெங்கடேசன் கையில. அப்ப மம்பட்டி யாரு கையிலய்யா?"

வரதன் கையிலிருந்த நாற்றை அப்படியே வீசிவிட்டு வரப்பேறினான். சேற்றுக் காலைக்கூடக் கழுவவில்லை. பாஞ்சாலி அவன் வீசிய நாற்றைப் பொறுக்கி எடுத்து, மீதி இருந்ததையும் தானே நட்டுவிட்டுத்தான் கரை ஏறினாள். அழுதுகொண்டேதான் நட்டாள். அதைப் பார்க்க அங்கே யாரும் இல்லை.

அன்று சாயங்காலம் அவள் தோட்டத்துப் பக்கம் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தபோது ஆதிலட்சுமி வந்தாள். தெருவழியாக வரவில்லை, வைக்கோல் போருக்குப் பின்னால் இருந்த சந்து வழியாக வந்தாள். மாட்டுக் கொட்டகைக்கு இந்தப் பக்கம் வராமல் கட்டுத்தறியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"இன்னா, மண்ணு எட்த்தாந்தியா?" என்றாள் பாஞ்சாலி.

"கை ஓஞ்சி பூட்ச்சி. ஒண்ணு கேக்க வந்தேன். கேட்டுட்டு பூட்றேன். உன் வூட்ல குந்தி வெத்தல போட வரல."

"கேளு."

"அன்னிக்கி ராத்திரி எங்க ஆளு உன் கயினிலதான இருந்தான்?"

பாஞ்சாலியின் கை கீரையோடு அப்படியே நின்றுவிட்டது.

"ஒனுக்கு எப்டி தெரியும்?"

"புட்ச்சிக்கினு போன அன்னிக்கே அவன் சொன்னான். போலீசுகிட்டயும் சொல்லிக்கீறான். 'அவ ஒனக்கு இன்னா வேணும்'னு கேட்டு இளிச்சாங்களாம். எயுதல."

"தெரிஞ்சிக்கினா ரெண்டு வருசமா வாயத் தொறக்காம இருந்தே?"

"எப்டிமே தொறப்பேன்? ராத்திரி பூரா எம் புருசன் இன்னொருத்தி கயினில கெடந்தான்னு நான் என் வாயால ஊர்ல சொல்லணுமா? நீ சொல்லுவேன்னு பாத்தேன். இன்னிக்கி சொல்லுவா, நாளிக்கி சொல்லுவான்னு பாத்தேன். நீ வாயில கொயக்கட்டய வெச்சிக்கினு கொடத்த தூக்கிக்கினு வரே. அதான் மண்ணு. உன் புருசன் அப்ரூவரு ஆனதுக்குன்னா நெனச்சிக்கினு இருந்தே? அவன் ஒரு ஆளுன்னு அவனுக்கு நான் மண்ணு எடுப்பேனா? அது ஒனுக்கு எட்த்த மண்ணு."

பாஞ்சாலிக்கு முகம் சுட்டது. இவள் முன்னால் தான் கூனிக் குறுகி நிற்பது அவளுக்குத் தாங்கவில்லை.

"தண்ணிதான் உட்டான். வேற ஒண்ணும் கெடையாது. தெரிஞ்சிக்கோ."

"அத்த நான் கேட்டனா? இருந்தாலும் சரி, இல்லாங்காட்டியும் சரி. எனுக்கு அது வாணாம். கோர்ட்டுக்கு வந்து, அவன் எங்கூட இருந்தான்னு ஒரு வார்த்த சொல்லு."

"இருந்தாலும் சரியா? உம் புருசன் மூஞ்ச ஒருநாளாவது நீ வெளிச்சத்துல பாத்துக்கீறியா? எங்க கயினிக்கி மூணு வருசம் தண்ணி உடாம சாவடிச்சவன். அவனப் பாத்தாலே எனுக்கு வயிறு எரியிது."

"எரியட்டும். எரிஞ்சிக்கினே வந்து சொல்லு."

 மாடு தலையை ஆட்டி ஈ விரட்டியது. பாஞ்சாலி தழைந்த குரலில் கேட்டாள்.

"நான் சொன்னா எம் புருசன் உள்ள பூடுவான். தெரியுமா?"

"சொல்லலன்னா எம் புருசன் சாவற வரிக்கும் உள்ள கெடப்பான். அவன் ஒண்ணும் பண்ணல. உன் ஆளு?"

 ஆதிலட்சுமி புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு கிளம்பினாள்.

"வெள்ளிக்கெயம எங்க வக்கீலம்மா உத்திரமேரூரு பஸ் ஸ்டாண்டாண்ட வருவாங்க. வரணும்னா வா. வரலன்னா சனிக்கெயம கொயாயாண்ட பாப்போம்."

வெள்ளிக்கிழமை பாஞ்சாலி போனாள். வக்கீல் தமிழ்ச்செல்வி ஒரு ஜெராக்ஸ் கடை பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். சின்ன வயசு, சிரிப்பே கிடையாது. பாஞ்சாலி சொன்னதை எல்லாம் கேட்டுவிட்டு, சுற்றி வளைக்காமல் பேசினாள்.

"அம்மா, கூட்டாளி சொல்ற சாட்சிய மட்டும் வெச்சிக் கோர்ட்டு சட்டுனு தண்டிக்காது. தன்னக் காப்பாத்திக்க அவன் யார் மேல வேணா பழி போடுவான்னு சட்டத்துக்கே தெரியும். வேற சாட்சி ஏதாவது அவன் சொல்றதோட ஒத்துப் போவணும். நீங்க சொல்றது அதுக்கு நேர் எதிரா நிக்கும். உங்க வீட்டுக்காரர் ஒரு ஆளு விஷயத்துல பொய் சொன்னார்னு ஆயிட்டா, அவருக்குக் குடுத்த மன்னிப்பு போயிடும். அவர் மேலயே கேஸ் நடக்கும். அவர் குடுத்த வாக்குமூலம் அவருக்கே எதிரா நிக்கும். இத நான் மறைக்க விரும்பல."

"அப்ப அந்த வெங்கடேசன்?"

"அவருக்கு வேற வக்கீல். நான் சுப்பிரமணிக்கு மட்டுந்தான்."

"அவன் தப்பிச்சிடுவானா?"

"அது ஜட்ஜ் கையில," என்று சொல்லிவிட்டுத் தமிழ்ச்செல்வி பையை எடுத்துக்கொண்டாள்.

கோர்ட்டுக்குப் போகிற அன்று காலையில் பாஞ்சாலி களி கிண்டி, நெத்திலிக் கருவாட்டுக் குழம்பு வைத்தாள். வரதனுக்கு அது உயிர். அவன் தட்டின் முன்னால் உட்கார்ந்தான், கை வைக்கவில்லை. சுதா பள்ளிக்கூடம் போய்விட்டாள்.

"போவாத மே," என்றான். குரலில் மிரட்டல் இல்லை. "சுதாவ நெனச்சிப் பாரு."

"நெனச்சிதான் ராப்பகலா தூக்கமில்ல."

"வெங்கடேசன்தான் கூட்டிக்கினு போனான். பேச்சு பேசத்தான் போறோம்னு நெனச்சேன். அவன் கத்தியால வெட்டிட்டான், மோகனு சாவல. எய்ந்து ஓடறான். 'அடிடா, அடிடா, உட்டா நம்பள ரெண்டு பேரையும் தூக்குல ஏத்துவான்டா'ன்னு கத்தினான். டிராக்டர்ல மம்பட்டி கெடந்திச்சி. அட்ச்சேன். ஒரு அடிதான். சத்தியமா ஒரு அடிதான்."

பாஞ்சாலி அவன் முகத்தைப் பார்த்தாள். அவன் மேல் அவளுக்கு ஆசை விட்டுப்போயிருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும். விட்டுப்போகவில்லை. கொடுமை அதுதான்.

"இத்தயே கோர்ட்டுல சொல்லியிருந்தா உன் கூட நின்னிருப்பேன்யா," என்றாள். "அட்ச்சது நீ. அந்த ஒரு அடியத் தூக்கி ஒண்ணுந் தெரியாதவன் கையில குட்த்துட்டு வந்துட்டியே. அத்த எப்டி நான் வெச்சிக்கினு இருப்பேன்? துன்னு, ஆறுது."

தெருமுனையில் பஸ் திரும்புகிற சத்தம் கேட்டதும் அவள் கிளம்பிவிட்டாள்.

கூண்டில் ஏறியதும் அவளுக்கு நாக்கு வறண்டது. தமிழ்ச்செல்வி கேட்டதற்கெல்லாம் ஒரு வழியாகப் பதில் சொல்லி முடித்தாள். சுப்பிரமணி எதிரே நின்று தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். ரொம்ப வற்றிப் போயிருந்தான். அப்புறம் அரசாங்க வக்கீல் எழுந்தார்.

"உங்களுக்கும் இரண்டாவது எதிரி சுப்பிரமணிக்கும் தகாத உறவு இருந்தது. அதனால்தான் அவரைக் காப்பாற்ற இப்படிப் பொய் சொல்கிறீர்கள் என்கிறேன்."

இதை வரதன்தான் ஓதியிருப்பான் என்று அவளுக்கு உடனே தெரிந்தது. முதல் கல் வந்து விழுந்துவிட்டது. பின்னால் ஊர்க்காரர்கள் உட்கார்ந்திருந்த பெஞ்சில் யாரோ இருமினார்கள். பாஞ்சாலிக்கு நாக்கு வறட்சி போய்விட்டது.

"ஐயா, எனுக்கு அந்த ஆளப் புடிக்கவே புடிக்காது. கடமடைக்காரனுங்கள மனுசனாவே மதிக்கமாட்டான். அவன் பொண்டாட்டி என் தலையில தெனைக்கும் மண்ணு கொட்றா. தோ, அங்கதான் குந்திக்கினு கீறா, கேளுங்க. அவுங்க குடும்பம் நல்லா இருக்கணும்னு நான் ஒருநாளும் வேண்டிக்கினது இல்ல. ஆனா அன்னிக்கி ராத்திரி தண்ணி உட்டான். எங்க கயினிக்கி உட்டான். இல்லன்னு எப்டி சொல்லுவேன்?"

"இதை ஏன் இரண்டு வருடமாக யாரிடமும் சொல்லவில்லை?"

"எங்க வூட்டுக்காரரு மாத்திச் சொல்லிடுவாருன்னு நம்பிக்கினு இருந்தேன். அது என் தப்புதான்."

"உங்கள் சாட்சியால் உங்கள் கணவரின் மன்னிப்பு ரத்தாகும். தெரியுமா?"

"தெரியுங்க," என்றாள் பாஞ்சாலி. அதைச் சொல்லும்போது மட்டும் குரல் உடைந்தது.

தீர்ப்பு மாசி கடைசியில் வந்தது. முக்கியமான ஒரு ஆளையே அப்ரூவர் பொய்யாகச் சேர்த்திருப்பதால் அவன் சொன்ன மற்றதையும் நம்ப முடியாது, அதைத் தாங்கிப் பிடிக்க வேறு சாட்சியும் இல்லை என்றது கோர்ட்டு. எதிரிகள் போலீசிடம் ஒப்புக்கொண்டதாகச் சொன்னதும் சட்டப்படி செல்லாது. சுப்பிரமணி விடுதலை. வெங்கடேசனும் விடுதலை. மன்னிப்பு போன வரதன் மேல் தனியாகக் கேஸ் போட்டு உள்ளே வைத்தார்கள். கொலை நடந்த இடத்தில் நின்றவர்களில், தன் வாயால் 'நின்றேன்' என்று கோர்ட்டுக்கே எழுதிக் கொடுத்த ஒருத்தன் மட்டும் மாட்டிக்கொண்டான். எழுதிக் கொடுக்காதவன் வேட்டியை உதறிக் கட்டிக்கொண்டு வெளியே வந்தான்.

வெங்கடேசன் வந்த அன்று வெண்ணாந்தாங்கல் எல்லையிலிருந்தே பட்டாசு வெடித்தார்கள். திரௌபதியம்மன் கோயிலில் சூறைத் தேங்காய். கார் ஊரைச் சுற்றிவிட்டு, யாரும் எதிர்பார்க்காதபடி அப்ரூவரு வீட்டு முன்னால் வந்து நின்றது. பின்னாலேயே ஊரும் வந்து நின்றது. சுப்பிரமணியும் ஆதிலட்சுமியும்கூட அந்தக் கூட்டத்தில்தான் இருந்தார்கள்.

பாஞ்சாலி களை பிடுங்கிவிட்டு அப்போதுதான் வந்து காலைக் கழுவிக்கொண்டிருந்தாள். வெங்கடேசன் மாலையோடு இறங்கினான். அவன் ஆள் ஒருத்தன் தட்டோடு முன்னால் வந்தான். தட்டில் பட்டுப்புடவை, பூ, பழம், மேலே ஒரு கவர்.

"தங்கச்சி," என்றான் வெங்கடேசன், கூட்டத்துக்கும் கேட்கிற மாதிரி. "புருசன்னு பாக்காம நாயத்துக்காவ நின்னே பாரு, நீதான் பொம்பள. உன்னாலதான் இன்னிக்கி நான் வெளிய கீறேன். ஒனுக்கும் கொயந்தைக்கும் இனிமே இந்த அண்ணன் கீறேன். வாங்கிக்க."

கூட்டம் 'ஆமா, ஆமா' என்றது. நேற்றுவரை அவளிடம் ஒரு வார்த்தை பேசாதவர்கள் அத்தனை பேரும் சிரித்த முகமாக நின்றார்கள். பாஞ்சாலி ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு தட்டை வாங்கினாள். வாங்கி, நாலடி நடந்து, கார் முன்பக்கத்தில் கொண்டுபோய் வைத்தாள்.

"கோர்ட்டுல என்ன ஒண்ணுதான் கேட்டாங்க. சுப்பிரமணி எங்க இருந்தான்னு கேட்டாங்க, சொன்னேன். ஒன்னப் பத்தி யாருமே என்னக் கேக்கல."

"அதுக்கு இன்னா இப்ப..."

"எங்க வூட்டுக்காரரு சொன்னதுல ஒரு பேருதான் பொய்யி. உன் பேரு நெசம்."

வெங்கடேசனின் முகத்திலிருந்து சிரிப்பு போகக் கொஞ்ச நேரம் ஆயிற்று. கூட்டத்தில் சிலர் காரைப் பார்த்தார்கள், சிலர் தங்கள் காலைப் பார்த்தார்கள். நேரம் ஆக ஆக, அவள் அப்படி ஒன்றைச் சொல்லவே இல்லை என்று எல்லாரும் சேர்ந்து முடிவு கட்டிக்கொண்டு கலைந்துவிடுவார்கள் போலிருந்தது.

அப்போது பின்வரிசையிலிருந்து ஆதிலட்சுமியின் குரல் வந்தது. குழாயடியில் தெருவையே எழுப்புகிற அதே தொண்டை.

"இன்னா சொன்னே? இங்க கேக்கல. இன்னொரு தபா சொல்லு."

பாஞ்சாலி இன்னொரு தபா சொன்னாள். இந்த முறை தெருக்கோடி வரைக்கும் கேட்டது.